டாட் பிடிக்க முடியாத உடம்புகள்

மட்டக்களப்பு ஆரையம்பதியில் சாரிச்சட்டை தைப்பது என் தொழில். கலண்டர் லட்சுமியைப் பார்த்தால் எனக்கு முதலில் எரிச்சல்தான் வரும். தோள் இரண்டும் ஒரே உயரம், மார்பு இரண்டும் அச்சில் வார்த்தது. இதற்கு யார் டாட் பிடிப்பது, அதாவது மார்பின் வடிவுக்குத் துணியை மடித்துத் தைப்பது? என்னிடம் வருகிறவர்களுக்குப் பிள்ளை தூக்கிய பக்கத் தோள் கொஞ்சமாவது இறங்கியிருக்கும்.

கல்லடி விபுலாநந்தா அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் சித்திரம் படிக்கிற என் பெறாமகள், போனில் சில ஓவியங்கள் காட்டினாள். அலிஸ் நீல் என்ற அமெரிக்கக்காரி 1980இல், எண்பது வயதில், தன்னையே உடுப்பில்லாமல் வரைந்து முடித்தது ஒன்று. கோடு போட்ட கதிரை, மூக்குக்கண்ணாடி, கையில் தூரிகை. வயிறு மடியில் இறங்கி உட்கார்ந்திருக்கிறது. "வெட்கமா இல்லையா பெரியம்மா?" என்றாள். இந்த வயிற்றுக்கு எத்தனை சட்டை வெட்டியிருப்பேன், என்ன வெட்கம்? மற்றப் படங்களில் உடுப்பில்லாத பெண்கள் சும்மா சாய்ந்து கிடப்பார்கள். இந்தக் கிழவி வேலையில் இருக்கிறாள்.

மெக்சிக்கோ ஓவியர் ஃப்ரீடா காலோ தன்னையே வரைந்த 'முறிந்த தூண்' 1944ஆம் ஆண்டுப் படம். 1925இல் பஸ் விபத்தில் முதுகெலும்பு உடைந்தவர். படத்தில் அவர் உடம்பில் குத்தியிருக்கிற ஆணிகளைப் பற்றித்தான் எல்லாரும் பேசுகிறார்கள். என் கண் போனது, முதுகைத் தாங்க உடம்பைச் சுற்றிக் கட்டிய வெள்ளைப் பட்டிகளில். எங்கே இறுக்குகிறது, எங்கே சதையை விட்டிருக்கிறது என்பது, போட்டுக் கழற்றியவளுக்குத்தான் தெரியும்.

1989இல் கெரில்லா கேர்ள்ஸ் என்ற பெண்கள் குழு நியூயோர்க் மெட்ரோபொலிட்டன் அருங்காட்சியகத்தில் எண்ணிப் பார்த்திருக்கிறது. நவீன கலைப் பகுதியில் பெண் ஓவியர்கள் 5 வீதத்துக்கும் குறைவு. நிர்வாணப் படங்களிலோ 85 வீதம் பெண்கள். சரி, அளவெடுக்காமல் வெட்டினால் இப்படித்தான்.

ஒரு மார்பை எடுத்துவிட்ட அக்கா ஒருவர் என்னிடம்தான் தைக்கிறார். வழக்கமாக உள்ளே பஞ்சு வைத்துச் சமப்படுத்திக் கொடுப்பேன். போன மாதம் மருதமுனைச் சேலையோடு வந்து, "பஞ்சு வேணாம் புள்ள, வேர்க்குது. அந்தப் பக்கம் தட்டையாவே வெட்டு" என்றார். சேலைத் தலைப்பு மறைத்துவிடும் அக்கா என்றேன். "மறைக்கச் சொல்லி நான் கேட்டனா?"

கஷ்டமான வெட்டு அது. டாட் இல்லாத பக்கம் கைச்சுற்றை உள்ளே இழுக்காவிட்டால் துணி வாய் பிளந்து நிற்கும். கடதாசியில் முன்துண்டை இரண்டு தரம் வரைந்து பார்த்துத்தான் கத்தரி வைத்தேன். அந்தக் கடதாசியைப் பெறாமகள் கேட்டாள், வரையவாம். அக்காவிடம் போய்க் கேள், அவர் சம்மதித்தால் அவர் முன்னாலேயே இருந்து வரை என்று சொல்லியிருக்கிறேன்.