அப்பாவின் நோட்டும் என் கிரெடிட் கார்டும்

நியூஜெர்சிக்கு வந்த புதிதில் வாடகைக்கு வீடு கேட்டுப் போன இடத்திலெல்லாம் ஒரே கேள்விதான்: "உங்கள் கிரெடிட் ஸ்கோர் எவ்வளவு?" வாங்கிய கடனை ஒருவர் எவ்வளவு ஒழுங்காகக் கட்டுகிறார் என்று காட்டும் எண் அது. சேலத்தில் என்றால் சொந்த ஊர் எது, வீட்டில் எத்தனை பேர், அசைவம் சமைப்பீர்களா என்று கேட்பார்கள். அதற்கெல்லாம் என்னிடம் பதில் உண்டு. இங்கே, இதுவரை யாரிடமும் கடன் வாங்கியதில்லை என்பதே எனக்குக் குறையாகிவிட்டது. ஒன்றரை மாத வாடகையை முன்பணமாகக் கட்டி, வேலை நியமனக் கடிதத்தைக் காட்டி, ஒருவழியாக ஒரு படுக்கையறை வீட்டில் குடியேறினேன்.

பிறகு வங்கியில் 500 டாலரைப் பிணையாக வைத்து ஒரு கிரெடிட் கார்டு வாங்கினேன். அதன் வரம்பும் அதே 500தான். பால், ரொட்டி, ரயில் டிக்கெட் என்று கொஞ்சமாகச் செலவழித்து, மாதம் தவறாமல் முழுத் தொகையையும் கட்டினேன். ஆறு மாதம் கழித்துத்தான் எனக்கென்று ஒரு ஸ்கோர் தலைகாட்டியது. 300 முதல் 850 வரை போகும் அந்த எண் ஏறுவதற்கு நான் காத்திருந்ததைப் போல, பத்தாம் வகுப்பு மதிப்பெண்ணுக்குக்கூடக் காத்திருந்ததில்லை.

2024 ஆவணியில் தங்கைக்குக் கல்யாணம் என்று முடிவானபோது எனக்கு நல்ல கார்டு கிடைக்கும் நிலை வந்திருந்தது. முதல் மூன்று மாதத்தில் 4,000 டாலர் செலவழித்தால், பணமாக மாற்றிக்கொள்ளக்கூடிய 60,000 புள்ளிகள் தரும் கார்டு. ஆண்டுக் கட்டணம் 95 டாலர். அதைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் புள்ளிகள் மட்டுமல்ல. என் பழைய கார்டு, வெளிநாட்டில் தேய்த்தால் ஒவ்வொரு முறையும் 3 சதவீதம் பிடித்துக்கொள்ளும். இதில் அந்தப் பிடித்தம் இல்லை. ஊரில் கல்யாணச் செலவு செய்யப்போகிறவர்கள் முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான்.

அப்பாவிடம் சொன்னேன். செவ்வாய்ப்பேட்டையில் ஒரு கொலுசுப் பட்டறையில் முப்பது வருடம் பற்றவைப்பு வேலை பார்த்தவர் அவர். தவணைக்காரர் வாசலில் வந்து நிற்பதைச் சிறு வயதில் பார்த்தவர்.

"கல்யாணத்தைக் கடனில் செய்வதா, கண்ணு?"

"கடன் இல்லைப்பா. அவளுக்கென்று இரண்டு வருடமாக 6,000 டாலர் ஒதுக்கி வைத்திருக்கிறேன். அந்தப் பணம் கார்டு வழியாகப் போகிறது, அவ்வளவுதான்."

"பில் வந்ததும் மொத்தமாகக் கட்டிவிடுவாயா?"

"வந்த அன்றே."

இந்த ஒரு கேள்விக்கு உறுதியாகப் பதில் சொல்ல முடியாதவர்கள், தயவுசெய்து கல்யாணத்துக்குப் புள்ளிக் கார்டை எடுக்க வேண்டாம். பெரும்பாலான அமெரிக்கக் கார்டுகளில் நிலுவைக்கு ஆண்டு வட்டி 20 சதவீதத்துக்கு மேல். நாலைந்து மாதம் பாக்கி நின்றாலே, வந்த புள்ளிகளில் பெரும்பங்கு வட்டிக்குப் போய்விடும்.

ஊருக்கு வர எடுத்த டிக்கெட்டே 1,450 டாலர். 4,000 டாலரில் மீதியைச் சேலத்தில் செலவழிக்க வேண்டும். அங்கே போன பிறகுதான், நம் ஊர்க் கல்யாணத்தில் கார்டுக்கு இடம் எவ்வளவு குறைவு என்று தெரிந்தது. மண்டபத்துக்கு ரொக்கம். சமையல்காரருக்கு ரொக்கம். மாலைக்கும் நாதசுரத்துக்கும் வெற்றிலை பாக்கோடு வைத்துக் கொடுக்கும் ரொக்கம். மாப்பிள்ளைக்கு வெண்பட்டு வேட்டியை அம்மாப்பேட்டையில் தெரிந்த நெசவாளர் வீட்டிலேயே வாங்கினோம்; அவரிடம் இருந்தது ஒரு கியூஆர் அட்டை. அதில் என் அமெரிக்கக் கார்டு செல்லாது. கொலுசும் மெட்டியும் அப்பாவின் பழைய பட்டறையில் செய்தவை. அங்கே பில்லே கிடையாது, எல்லாம் அப்பாவின் நோட்டில்தான்.

நகைக்கடையில் நடந்ததை விரிவாகச் சொல்ல வேண்டும். ஜூலை பட்ஜெட்டில் தங்க இறக்குமதி வரியை 15 சதவீதத்திலிருந்து 6 சதவீதமாகக் குறைத்திருந்தார்கள். கடையில் நிற்க இடமில்லை. மூன்று பவுன் சங்கிலி. சேதாரம், 3 சதவீத ஜிஎஸ்டி எல்லாம் சேர்த்து 1,80,000 ரூபாய். கார்டை நீட்டியதும், "கார்டு என்றால் 2 சதவீதம் கூடுதலாகும்" என்றார்கள். அங்கேயே கணக்குப் போட்டேன். சாதாரணச் செலவுக்கு என் கார்டு தருவது டாலருக்கு ஒரு புள்ளி, அதாவது ஒரு சென்ட், நூற்றுக்கு ஒன்று. கடை கேட்பதோ நூற்றுக்கு இரண்டு. தொடக்கப் புள்ளிகள் மட்டும் இல்லையென்றால் அந்த இடத்தில் கார்டை எடுப்பது நஷ்டம். 4,000 டாலரை எட்டத் தேவையான அளவுக்கு ஒரு லட்சத்தை மட்டும் கார்டில் போடச் சொன்னேன். மீதி 80,000 ரூபாயை அப்பா யுபிஐயில் கட்டினார்.

தேய்த்ததும் கார்டு மறுக்கப்பட்டது. நியூஜெர்சிக்காரியின் கார்டு சேலத்தில் தங்கம் வாங்குகிறதே என்று வங்கிக்குச் சந்தேகம். உறுதி கேட்டு அது அனுப்பும் குறுஞ்செய்தி என் அமெரிக்க எண்ணுக்குப் போகும். அந்த சிம் கார்டோ காகிதத்தில் மடித்து என் பர்ஸில் கிடந்தது. போனின் சிம் தட்டைத் திறக்க ஊசி இல்லை. நகை காட்டிக்கொண்டிருந்த பெண் தட்டிலிருந்து ஒரு மூக்குத்தியை எடுத்து, அதன் கம்பியால் மெல்லக் குத்தித் திறந்து கொடுத்தாள். சிம்மை மாற்றி, சிக்னல் வரும்வரை பத்து நிமிடம் நின்றோம். பின்னால் வரிசை வளர்ந்தது. அப்பா எதுவும் பேசாமல் என் பக்கத்திலேயே நின்றார். செய்தி வந்தது, ஆம் என்று பதில் அனுப்பினேன், மறுபடி தேய்த்தார்கள்.

டாலரா ரூபாயா என்று இயந்திரம் கேட்டது. ரூபாய்தான் சொல்ல வேண்டும். டாலரைத் தேர்ந்தெடுத்தால் மாற்று விகிதத்தை நிர்ணயிப்பது கடை இயந்திரத்துக்குப் பின்னால் இருப்பவர்கள். அது பெரும்பாலும் நமக்கு நஷ்டமாகவே இருக்கும். பிறகு ரகசிய எண் கேட்டது. என் கார்டுக்கு அப்படி ஒன்று இல்லை. பச்சைப் பொத்தானை அழுத்தியதும் சீட்டு வந்தது, கையெழுத்துப் போட்டேன்.

பட்டுப் புடவைகள் 74,000 ரூபாய். அந்தக் கடையில் கூடுதல் எதுவும் கேட்கவில்லை. பெங்களூரிலிருந்து வந்த மாப்பிள்ளை வீட்டாருக்கு ஏற்காட்டில் அறைகள் 48,000. கல்யாணத்துக்கு மறுநாள் இருபது கொண்டை ஊசி வளைவுகளும் ஏறி அவர்களோடு நானும் போனேன். ஏரிக்கரையில் மேகம் இறங்கிக் கிடந்தது. இரண்டு வருடத்தில் நான் மனம் நிறைய மூச்சுவிட்ட நாள் அதுதான்.

அப்பா ஒவ்வொரு சீட்டையும் வாங்கி நோட்டில் குண்டூசியால் குத்தி வைத்தார். இந்தச் சீட்டின் எழுத்து வெளுத்துவிடும் என்று யாரோ சொல்ல, எல்லாவற்றையும் ஜெராக்ஸ் எடுத்து அதற்கும் ஒரு பக்கம் ஒதுக்கினார். ஒரு பக்கத்தில் மொய், எதிர்ப்பக்கத்தில் என் கார்டு.

திரும்பி வந்ததும் பில் வந்தது. 4,116 டாலர். அன்றே கட்டினேன். புள்ளிகள் 64,000-க்குச் சற்று மேல். பணமாக 640 டாலர். ஆண்டுக் கட்டணத்தையும் நகைக்கடைக்குக் கூடுதலாகக் கொடுத்த 2,000 ரூபாயையும் கழித்தால் 520 டாலர் மிஞ்சியது. அம்மாவை இங்கே அழைத்துவர ஆகும் டிக்கெட்டில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல்.

ஞாயிற்றுக்கிழமை வீடியோ அழைப்பில் அப்பா நோட்டைப் பிரித்து வைத்துக்கொண்டு, பில்லை வாசிக்கச் சொன்னார். நான் டாலரில் வாசிக்க, அவர் 84-ஆல் பெருக்கிப் பார்த்து ஒவ்வொன்றாக டிக் போட்டார். புடவைக் கணக்கில் மட்டும் சில ரூபாய் உதைத்தது. அன்றைய மாற்று விகிதம் என்று விளக்கினேன். பென்சிலால் ஓரத்தில் குறித்துக்கொண்டார்.

"பாக்கி?"

"இல்லைப்பா."

"சரி. அம்மாவுக்கு எந்த மாதம் டிக்கெட் போடுகிறாய்?"