ஆறு வயதில் வந்த மகள்: நாங்கள் தத்தெடுத்த கதை

எனக்கு 48, மனைவிக்கு 44. கூட்டினால் 92. தத்தெடுக்கப் பதிவு செய்யலாம் என்று உட்கார்ந்த அன்றே எங்களை நிறுத்தி யோசிக்க வைத்தது இந்தக் கூட்டல்தான். இந்திய விதிப்படி கணவன், மனைவி இருவர் வயதையும் சேர்த்துப் பார்க்கிறார்கள். இரண்டு வயதுக்குட்பட்ட குழந்தை வேண்டுமென்றால் கூட்டு வயது 85-ஐத் தாண்டக் கூடாது. இரண்டிலிருந்து நான்கு வயதுக் குழந்தைக்கு 90, நான்கிலிருந்து எட்டு வரை 100, அதற்கு மேல் 110. தனியாகத் தத்தெடுப்பவருக்கு இதே வரிசையில் 40, 45, 50, 55. பல வருட சிகிச்சைக்குப் பிறகு வந்து நின்ற எங்கள் மனதில் இருந்தது கைக்குழந்தை. விதி எங்களுக்குக் காட்டியதோ, பால் பல் விழ ஆரம்பித்த பிள்ளை.

அன்று இரவு இரண்டு பேரும் சரியாகப் பேசிக்கொள்ளவில்லை. ஒரு வாரம் கழித்து மனைவிதான் சொன்னாள், "அஞ்சாறு வயசுன்னா டயபர் மாத்துற வேலை மிச்சம்." அப்புறம் பதிவு செய்தோம்.

அதற்கு முன் ஒன்றைச் சொல்ல வேண்டும். குழந்தை வேண்டும் என்று நாலு பேர் காதில் விழுந்ததுமே, ஒருவர் ஆள் மூலம் விசாரித்தார். பிரசவ வார்டிலிருந்து நேராக வீட்டுக்கு, பிறப்புச் சான்றிதழிலேயே உங்கள் பெயர், சில லட்சம் ஆகும் என்று தூது வந்தது. கேட்க எவ்வளவு சுலபமாக இருக்கிறது! அது குழந்தை விற்பனை. இளைஞர் நீதிச் சட்டம், 2015 படி விற்றவருக்கும் வாங்கியவருக்கும் ஐந்தாண்டு வரை கடுங்காவலும் ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் உண்டு. மருத்துவமனை ஊழியர் செய்தால் மூன்றிலிருந்து ஏழாண்டு வரை சிறை. தண்டனையை விடுங்கள், நாளைக்கு அந்தப் பிள்ளை வளர்ந்து "நான் எங்கிருந்து வந்தேன்" என்று கேட்டால் காட்ட ஒரு தாள்கூட இருக்காது. எனக்கு அதுதான் பெரிய விஷயமாகப் பட்டது.

நேர்வழி என்பது மத்திய தத்தெடுப்பு வள ஆணையத்தின் இணையதளம். எல்லோரும் காரா என்பார்கள். எந்த மதத்தவரும் இளைஞர் நீதிச் சட்டத்தின் கீழ் தத்தெடுக்கலாம். 1956-ஆம் ஆண்டின் இந்து தத்தெடுப்புச் சட்டம் வேறு, இது வேறு. திருமணமாகிக் குறைந்தது இரண்டு வருடம் ஆகியிருக்க வேண்டும். தனியாக இருக்கும் பெண் ஆண் குழந்தையையும் பெண் குழந்தையையும் தத்தெடுக்கலாம், தனி ஆணுக்குப் பெண் குழந்தை கிடையாது. பான் அட்டை, இருவரின் பிறப்புச் சான்று, திருமணச் சான்று, வருமானச் சான்று, முகவரிச் சான்று, மருத்துவச் சான்று, தெரிந்தவர்கள் இருவரின் பரிந்துரைக் கடிதம் என்று ஆவணங்களைப் பதிவேற்ற 30 நாள் தருவார்கள். எங்களை இழுத்தடித்தது மருத்துவச் சான்றுதான். நாங்கள் போன மருத்துவமனையில் இப்படி ஒரு சான்று எதற்கு என்பதே புரியாமல் மேஜைக்கு மேஜை அனுப்பினார்கள். கல்யாணத்தைப் பதிவு செய்யாதவர்கள் அதை முதலில் முடித்துவிடுங்கள்.

பிறகு வீட்டு ஆய்வு. நான் அதிகம் பயந்தது இதற்குத்தான். பீரோவையும் பேங்க் பாஸ்புக்கையும் திறந்து பார்ப்பார்கள் என்று நினைத்து வீட்டுக்கு வெள்ளையெல்லாம் அடித்து வைத்திருந்தேன். வந்த சமூகப் பணியாளர், எங்கள் இருவரையும் விடச் சின்னப் பெண், சுவரைப் பார்க்கவே இல்லை. எங்களைத் தனித்தனியாக உட்காரவைத்துப் பேசினார். சிகிச்சையை நிறுத்தியது யார் முடிவு? அதைப் பற்றி இன்னமும் சண்டை வருமா? கோபம் வந்தால் என்ன செய்வீர்கள், சின்ன வயதில் உங்கள் அப்பா உங்களை அடித்திருக்கிறாரா? நீங்கள் இருவருமே இல்லாமல் போனால் பிள்ளையை யார் பார்ப்பார்கள்? இருபது வருடக் குடித்தனத்தில் எங்களுக்குள் யாரும் கேட்காத கேள்விகள். என் மனைவி என்ன பதில் சொன்னாள் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. வெளியே வரும்போது கண் சிவந்திருந்தது.

என் அம்மாவிடமும் பேசினார். அம்மாவுக்குத் தத்தெடுப்பு என்றால் தெரிந்ததெல்லாம் தொட்டில் குழந்தைத் திட்டம்தான். பெண் சிசுக்கொலையைத் தடுக்க 1992-ல் சேலத்தில் தொடங்கிய அந்தத் திட்டத்தின் செய்திகளைப் பார்த்துப் பழகிய தலைமுறை. அதனால் எல்லாப் பிள்ளைகளும் தொட்டிலில் போட்டுவிட்டுப் போனவை என்று நினைத்திருந்தார். கொஞ்ச நேரம் சுற்றி வளைத்துவிட்டுக் கேட்டேவிட்டார்:

"ஏம்மா, என்ன சாதின்னு தெரியுமா?"

"தெரியாதும்மா. கேட்டு வாங்கவும் முடியாது. உங்க வீட்டுக்கு வந்தா உங்க பேத்தி, அவ்வளவுதான்."

"சரி, அது கேட்டா நான் என்னன்னு சொல்லுவேன்?"

"அதுக்குத்தான் உங்க கூட உக்காந்து பேசிட்டு இருக்கேன்."

இருவரும் ரொம்ப நேரம் பேசினார்கள். நான் காபி கொண்டுபோனபோது பேச்சு மூட்டுவலிக்குப் போயிருந்தது.

வீட்டு ஆய்வறிக்கை இணையதளத்தில் ஏறியதும் காத்திருப்பு. நாடு முழுக்க 2024-25-ல் நடந்த தத்தெடுப்புகள் 4,515. காத்திருப்பவர்களோ முப்பதாயிரத்துக்கும் மேல். கைக்குழந்தை கேட்பவர்களுக்கு மூன்று வருடத்துக்கும் மேல் ஆகிறது. பெரிய பிள்ளைக்குத் தயாராக இருந்ததால் எங்களுக்கு அவ்வளவு ஆகவில்லை. காப்பகங்களில் இத்தனை குழந்தைகள் இருக்க ஏன் இந்த வரிசை என்று எல்லோரும் கேட்கிறார்கள். நானும் கேட்டேன். காப்பகத்தில் இருக்கும் எல்லாப் பிள்ளைகளும் தத்துக்கு உரியவர்கள் இல்லை. பலருக்குப் பெற்றோரோ உறவினரோ இருக்கிறார்கள். குழந்தை நலக் குழு விசாரித்து, சட்டப்படி தத்துக் கொடுக்கலாம் என்று அறிவித்தால்தான் பெயர் பட்டியலுக்கு வரும். தாயே ஒப்படைத்த குழந்தையென்றால் மனம் மாற அவருக்கு 60 நாள் அவகாசம் உண்டு. இந்த 60 நாளைத் தாமதம் என்று சொல்பவர்கள்மேல் எனக்குக் கோபம் வரும். அது அந்தத் தாய்க்கு உரிய நாள்கள்.

எங்கள் மகள் எந்த வழியாக வந்தாள் என்பதை இங்கே எழுத மாட்டேன். அது அவள் கதை.

போனில் ஒரு நாள் செய்தி வந்தது. புகைப்படம், குழந்தை பற்றிய ஆய்வறிக்கை, மருத்துவ அறிக்கை. 48 மணி நேரத்துக்குள் சரி என்றோ வேண்டாம் என்றோ சொல்ல வேண்டும். புகைப்படத்தைப் பார்த்ததும் மனைவி முடிவு செய்துவிட்டாள். நான் மருத்துவ அறிக்கையைத் தூக்கிக்கொண்டு எங்களுக்குத் தெரிந்த குழந்தை மருத்துவரிடம் ஓடினேன். அவர் நிதானமாகப் படித்துவிட்டு, "ரத்தம் கம்மி, எடை கம்மி. ரெண்டும் உங்க வீட்டுச் சாப்பாட்டுல சரியாயிடும். வேற என்ன கேக்கணும்?" என்றார். வேறு கேட்க ஒன்றும் இருக்கவில்லை.

பெரிய பிள்ளை விஷயத்தில் ஒரு வித்தியாசம் உண்டு. நாம் மட்டும் சரி சொன்னால் போதாது. குழந்தையின் வயதுக்கும் புரிதலுக்கும் ஏற்ப அதன் விருப்பத்தையும் கணக்கில் எடுக்க வேண்டும் என்று சட்டமே சொல்கிறது. அவள் இருந்த தத்தெடுப்பு மையத்தில் எங்கள் வீட்டுப் படங்களை ஒரு ஆல்பமாகக் கேட்டு வாங்கி, அவளிடம் முன்பே காட்டியிருந்தார்கள். நாங்கள் நேரில் போனபோது அவள் தேர்வாளர் மாதிரி உட்கார்ந்திருந்தாள். முதல் கேள்வி: "போட்டோல இருக்கிற நாய் கடிக்குமா?" அடுத்தது: "மாடியில நைட்டு யாரு படுப்பா?" மாடியில் யாரும் படுப்பதில்லை, எல்லோரும் கீழேதான் என்று சொன்னதும் பக்கத்தில் நின்ற பராமரிப்பாளரைத் திரும்பிப் பார்த்துத் தலையாட்டினாள்.

பணக் கணக்கையும் சொல்லிவிடுகிறேன், பலர் கூச்சப்பட்டுக் கேட்பதில்லை. வீட்டு ஆய்வுக்கு 6,000 ரூபாய், மையத்துக்குக் குழந்தைப் பராமரிப்பு நிதியாக 50,000, பின்னால் பிள்ளை எப்படி இருக்கிறாள் என்று பார்க்க வரும் ஒவ்வொரு தொடர் பார்வைக்கும் 2,000. எல்லாவற்றுக்கும் ரசீது. இதைத் தாண்டி நன்கொடை என்று யார் கேட்டாலும் கொடுக்க வேண்டியதில்லை.

சட்டப்படியான தத்து ஆணை வருவதற்கு முன்பே பிள்ளையை வீட்டுக்கு அனுப்புகிறார்கள். தத்துக்கு முந்தைய வளர்ப்புப் பராமரிப்பு என்று அதற்குப் பெயர். முதல் நாளே "அம்மா" என்று கூப்பிட்டாள். மனைவி நெகிழ்ந்துபோனாள். காப்பகத்தில் சமைப்பவர், குளிப்பாட்டுபவர், காவலுக்கு இருப்பவர் என்று எல்லாப் பெண்களையும் அப்படித்தான் கூப்பிடுவாள் என்பது அடுத்த வாரம் தெரிந்தது. எதிர்வீட்டம்மாவும் "அம்மா"தான்.

முதல் சில வாரம் அவ்வளவு அடக்கம். சாப்பிட்ட தட்டைக் கழுவி வைப்பாள், கேட்காமல் எதையும் தொடமாட்டாள். வந்த உறவினர்கள் எல்லாம் "எவ்வளவு நல்ல பிள்ளை" என்று புகழ்ந்தார்கள். சமூகப் பணியாளர் மட்டும், "இது நல்லதுக்கில்ல சார், பயம். குறும்பு பண்ண ஆரம்பிச்சா எனக்குச் சொல்லுங்க" என்றார். அவர் சொன்னபடியே ஒரு நாள் வெடித்தது. தலை பின்னும்போது சீப்பைப் பிடுங்கி எறிந்து, "நான் எப்பத் திரும்பிப் போகணும்?" என்று கத்தினாள். போக வேண்டியதில்லை என்று சொன்னால் நம்பவில்லை. அதையே பலவிதமாகப் பல மாதம் கேட்டாள். பாலைக் கொட்டிவிட்டுக் கேட்டாள், அம்மாவின் கண்ணாடியை உடைத்துவிட்டுக் கேட்டாள்.

ஒரு நாள் அவள் துணி அலமாரியிலிருந்து நாற்றம் வந்தது. பார்த்தால் பாவாடை மடிப்புக்குள் காய்ந்துபோன இட்லி, பாதி கடித்த வாழைப்பழம், பிஸ்கட் தூள், அதன்மேல் எறும்பு. மனைவி அழுதாள். போன் செய்தபோது சமூகப் பணியாளர் ஒரே ஒரு யோசனை சொன்னார். திட்டாதீர்கள், அவள் கைக்கு எட்டும் இடத்தில் ஒரு டப்பாவில் எப்போதும் தின்பண்டம் வையுங்கள், கேட்காமலே எடுக்கலாம் என்று சொல்லுங்கள், டப்பா மட்டும் காலியாகக் கூடாது. வைத்தோம். முதலில் ராத்திரியில்கூட எழுந்துபோய்த் திறந்து பார்ப்பாள், எடுப்பதில்லை, பார்த்துவிட்டு வந்து படுப்பாள். இப்போது அந்த டப்பாவில் என் அம்மாதான் கைவைக்கிறார்.

இத்தனைக்கும் வீட்டில் ஒருவர் இருந்தாக வேண்டும். மனைவி வேலை செய்யும் இடத்தில் விடுப்பு கேட்டபோது, அப்போதிருந்த 2017 மகப்பேறு நலத் திருத்தச் சட்டத்தைக் காட்டினார்கள். மூன்று மாதத்துக்குட்பட்ட குழந்தையைத் தத்தெடுத்தால்தான் சம்பளத்தோடு 12 வாரம் விடுப்பு என்றார்கள். ஒரு குழந்தை சட்டப்படி தத்துக்கு வருவதற்கே குறைந்தது இரண்டு மாதம் ஆகும்போது இதனால் யாருக்கு லாபம் என்று கேட்டேன், பதில் இல்லை. சம்பளமில்லா விடுப்பில் சமாளித்தோம்.

ஆணை முன்பு நீதிமன்றத்தில் வாங்க வேண்டியிருந்தது. 2021-ல் கொண்டுவந்த திருத்தம் 2022 செப்டம்பரில் நடைமுறைக்கு வந்ததிலிருந்து மாவட்ட ஆட்சியரே தருகிறார். ஆட்சியர் அவளிடம் இரண்டு வார்த்தை பேசினார், நாய் பெயரைக் கேட்டார், முடிந்தது. ஆணை தேதியிலிருந்து, பெற்ற பிள்ளைக்குள்ள எல்லா உரிமையும் அவளுக்கு உண்டு, சொத்து உட்பட. "நாளைக்குச் சொத்துல பங்கு கேக்குமே" என்று இழுத்த சித்தப்பாவுக்கு ஆணையின் நகலையே காட்டினேன். பிறப்புச் சான்றிதழிலும் எங்கள் பெயர் வந்துவிட்டது. அவள் பெயரை நாங்கள் மாற்றவில்லை. ஆறு வருடம் அந்தப் பெயருக்குத் திரும்பிப் பார்த்தவள்.

மையத்திலிருந்து கிடைத்த தாள்கள் எல்லாம் ஒரு கோப்பில் இருக்கின்றன. 18 வயதானால் தன் பூர்வீகத்தைத் தேடிக் கேட்க அவளுக்கு வழி உண்டு. அன்றைக்கு வேண்டும். அங்கே விட்டுவந்த தோழியோடு மையத்தின் அனுமதியோடு போனில் பேசுகிறாள். அதைத் தடுக்கச் சொன்னவர்கள் உண்டு. நாங்கள் தடுக்கவில்லை.

ஆறு மாதத்துக்கு ஒருமுறை, இரண்டு வருடத்துக்குத் தொடர் பார்வை. பிள்ளையிடம் தனியாகப் பேசுவார்கள். போன முறை கதவைச் சாத்திக்கொண்டு வெகுநேரம் பேசினாள். அறிக்கையில் என்ன எழுதினீர்கள் என்று சமூகப் பணியாளரிடம் கேட்டேன். எடை கூடியிருக்கிறது, தோழிகள் இருக்கிறார்கள், கணக்குச் சொல்லிக்கொடுக்கும்போது அப்பா கத்துகிறார் என்று புகார் இருக்கிறது என்றார்.