வான் பாஸ்டன் ஆடிய பதினோரு ஆண்டுகள்: நாட்குறிப்பு

2 மார்ச் 2025, ஞாயிறு

நெதர்லாந்துக் கால்பந்து வீரர் மார்கோ வான் பாஸ்டனின் ஆட்டங்களைக் காலவரிசைப்படி பார்க்கத் தொடங்கியிருக்கிறேன். அவருடைய கோல்களின் தொகுப்புகள் இணையத்தில் தேடாமலே கிடைக்கின்றன. ஆனால் கோல்களை மட்டும் பார்ப்பவருக்கு, அவர் எவ்வளவு குறைந்த காலமே ஆடினார் என்பதும், அதிலும் பாதிக்கு மேல் வலியோடு ஆடினார் என்பதும் தெரிவதில்லை. 1982 ஏப்ரலில், பதினேழு வயதில், நெய்மேகன் நகர அணிக்கு எதிராக, ஆம்ஸ்டர்டாமின் அயாக்ஸ் கிளப்பின் மாற்று வீரராக முதன்முதலில் களமிறங்கினார். அவருக்காக வெளியே வந்தவர் நெதர்லாந்தின் புகழ்பெற்ற வீரர் யோஹான் க்ரைஃப். அன்றே ஒரு கோலும் அடித்தார். 1983-84 தொடங்கி அடுத்தடுத்து நான்கு சீசன்களில் நெதர்லாந்து லீகில் அதிகக் கோல் அடித்தவர் அவர்தான். 1985-86இல் மட்டும் 26 ஆட்டங்களில் 37 கோல்கள் அடித்து, ஐரோப்பாவின் தங்கக் காலணி விருதைப் பெற்றார்.

5 மார்ச், புதன்

1986 நவம்பரில் டென் போஸ் அணிக்கு எதிராக அடித்த பைசிக்கிள் கிக்கை (அந்தரத்தில் பின்னோக்கிச் சாய்ந்து தலைக்கு மேலே பந்தை உதைப்பது) இன்று பார்த்தேன். அடுத்த மாதமே க்ரோனிங்கன் அணியுடனான ஆட்டத்தில் நடந்த ஒரு மோதலில் அவருடைய கணுக்கால் சேதமடைந்தது. அப்போது அயாக்ஸின் பயிற்சியாளராக இருந்த க்ரைஃப், சில பயிற்சிகளையும் லீக் ஆட்டங்களையும் தவிர்த்துக்கொள்ளலாம், ஆனால் ஐரோப்பிய ஆட்டங்களில் ஆடியே ஆக வேண்டும் என்று கேட்டுக்கொண்டதை வான் பாஸ்டனே பின்னாளில் சொல்லியிருக்கிறார். 1987 மே மாதம் ஏதென்ஸில், அந்தந்த நாட்டுக் கோப்பையை வென்ற ஐரோப்பிய கிளப்புகள் மோதும் கோப்பை வென்றோர் கோப்பையின் இறுதி ஆட்டத்தில், லைப்சிக் அணிக்கு எதிரான ஒரே கோலை அணித்தலைவராக அவர் தலையால் முட்டி அடித்தார். கோப்பை கிடைத்துவிட்டது. ஆனாலும் அந்த வசந்த காலத்தில் இருபத்திரண்டு வயது இளைஞருக்குத் தேவைப்பட்டது ஓய்வுதான் என்றே நான் நினைக்கிறேன்.

9 மார்ச், ஞாயிறு

நாட்டு அணிகள் மோதும் 1988 ஐரோப்பியக் கோப்பை. இத்தாலியின் மிலான் கிளப்புக்குப் போன முதல் சீசனில் அறுவை சிகிச்சையின் காரணமாக 11 லீக் ஆட்டங்களில் மட்டுமே ஆடியிருந்தார். அதனால் 12ஆம் எண் சட்டையோடு மாற்று வீரர்களின் இருக்கையில்தான் இந்தப் போட்டித் தொடரைத் தொடங்கினார். முதல் ஆட்டத்தில் சோவியத் அணியிடம் நெதர்லாந்து தோற்ற பிறகு, பயிற்சியாளர் ரைனஸ் மிகெல்ஸ் இங்கிலாந்துக்கு எதிராக அவரைத் தொடக்கத்திலிருந்தே ஆடவைத்தார். விளைவு ஒரு ஹாட்ரிக். சக வீரர் குல்லிட் கொடுத்த பந்தை வாங்கி, இங்கிலாந்துத் தற்காப்பு வீரர் டோனி ஆடம்ஸைத் தன் முதுகுப் பக்கமே வைத்துத் திரும்பி, இடது காலால் அடித்த முதல் கோலை மூன்று முறை ஓட்டிப் பார்த்தேன். அரையிறுதியில் மேற்கு ஜெர்மனிக்கு எதிராக, ஆட்டம் முடியும் தறுவாயில், தற்காப்பு வீரர் யூர்கன் கோலருக்கு ஒரு கணம் முன்னதாகச் சறுக்கிச் சென்று பந்தைத் தொட்டு, தூரத்து மூலைக்குள் தள்ளினார்.

ஜூன் 25 அன்று மியூனிக்கில் நடந்த இறுதி ஆட்டத்தில் மீண்டும் சோவியத் அணி. 54ஆம் நிமிடத்தில், இடப்பக்கத்திலிருந்து முப்பத்தேழு வயது அர்னால்ட் ம்யூரன் உயரமாகத் தூக்கி அடித்த பந்து, பெனால்டி எல்லைக்குள் எல்லாரையும் தாண்டி வலது ஓரத்தில் இறங்குகிறது. அங்கிருந்து கோல் கம்பங்களுக்கு நடுவே தெரியும் இடைவெளி மிகக் குறுகியது. பந்தை நிறுத்தி, சக வீரர்கள் வரும்வரை காத்திருப்பதுதான் யாரும் செய்யக்கூடியது. அவரோ பந்து தரையில் விழுமுன்பே வலது காலால் அடிக்கிறார். நிதானமாகப் பார்த்தால், அவர் பந்தை வெறுமனே ஓங்கி உதைக்கவில்லை என்பது புரியும்: பந்து காலுக்கு இறங்கிவரும் வரை பொறுத்திருந்து, உடம்பை அதன் மேல் சாய்த்து அடித்ததால்தான், அது அன்று உலகின் தலைசிறந்த கோல்கீப்பர்களில் ஒருவரான தசாயேவின் தலைக்கு மேலே போயும், குறுக்குக் கம்பத்துக்குக் கீழே இறங்கியது. நம்ப முடியாமல் மிகெல்ஸ் கையால் முகத்தைப் பொத்திக்கொள்கிறார். களைத்துப் போயிருந்ததால்தான் அடித்துப் பார்த்தேன் என்று வான் பாஸ்டன் பின்னர் விளக்கியிருக்கிறார். அந்த விளக்கத்தை நான் முழுமையாக நம்புகிறேன்.

16 மார்ச், ஞாயிறு

மிலான் காலத்தை ஒரே மூச்சில் கடந்தேன். 1989இல் ஐரோப்பிய கிளப்புகளுக்கான கோப்பையில், ருமேனியாவின் ஸ்டேவா புகாரெஸ்ட்டுக்கு எதிரான இறுதி ஆட்டத்தில் 4-0 வெற்றி. குல்லிட்டுக்கு இரண்டு கோல், இவருக்கு இரண்டு. 1991-92 சீசனில், ஃபாபியோ கப்பெல்லோவின் கீழ் மிலான் ஓர் ஆட்டத்தில்கூடத் தோற்காமல் இத்தாலிய லீக் பட்டம் வென்றபோது, இவருடைய கணக்கில் 25 கோல்கள்.

1992 நவம்பரில் கோதன்பர்க் அணிக்கு எதிராக அடித்த நான்கு கோல்களைப் பார்க்கும் எவருக்கும், முடிவு இவ்வளவு அருகில் இருக்கிறது என்று தோன்றாது. டிசம்பரில், ஐரோப்பாவின் ஆண்டின் சிறந்த வீரருக்கான தங்கப் பந்து விருது மூன்றாவது முறையாகக் கிடைத்தது. அதே மாதத்தில் மீண்டும் கணுக்கால் அறுவை சிகிச்சை.

20 மார்ச், வியாழன்

1993 மே 26, மார்சேய் அணிக்கு எதிரான ஐரோப்பிய இறுதி ஆட்டம். அதே மியூனிக் அரங்கு. மிலான் 0-1 என்று தோற்ற அந்த ஆட்டத்தில், இறுதி நிமிடங்களில் அவரை வெளியே அழைத்துக்கொள்கிறார்கள். அப்போது அவருக்கு வயது இருபத்தெட்டு. அதற்குப் பிறகு அவர் ஒரு போட்டி ஆட்டத்திலும் ஆடவில்லை. இரண்டு ஆண்டுகள் சிகிச்சைகள் தொடர்ந்தன. இரவில் படுக்கையிலிருந்து குளியலறைக்குத் தவழ்ந்தே போக வேண்டியிருந்த நாள்கள் அவை. 1995 ஆகஸ்டில் ஓய்வை அறிவித்துவிட்டு, சாதாரண உடையில் மிலானின் சான் சிரோ அரங்கைச் சுற்றி ரசிகர்களிடம் விடைபெற்றபோது, கப்பெல்லோ அழுதார். மிலானுக்காக 201 ஆட்டங்களில் 125 கோல்கள், நாட்டுக்காக 58 ஆட்டங்களில் 24. காயத்துக்கு உரிய ஓய்வு உரிய நேரத்தில் கிடைத்திருந்தால், 1994 உலகக் கோப்பையில் நெதர்லாந்தின் இன்னொரு முன்கள வீரரான பெர்க்கம்புடன் சேர்ந்து அவர் ஆடியிருக்கக்கூடும் என்ற எண்ணத்தை என்னால் விலக்க முடியவில்லை.

23 மார்ச், ஞாயிறு

பயிற்சியாளராக அவர் கழித்த ஆண்டுகளில் ஒரே ஓர் ஆட்டத்தை மட்டும் பார்த்தேன்: 2006 உலகக் கோப்பையில், நியூரம்பர்க்கில், போர்ச்சுகலுக்கு எதிராக அவருடைய நெதர்லாந்து அணி 0-1 என்று தோற்ற ஆட்டம். 16 மஞ்சள் அட்டைகள், 4 சிவப்பு அட்டைகள். தொடக்க நிமிடங்களிலேயே ஒரு நெதர்லாந்துத் தற்காப்பு வீரர் கிறிஸ்டியானோ ரொனால்டோவின் தொடையில் பூட்ஸால் இடிக்கிறார். இடைவேளைக்கு முன்பே ரொனால்டோ கண்ணீரோடு வெளியேறுகிறார். இத்தாலியத் தற்காப்பு வீரர்களின் உதைகளை ஆண்டுக்கணக்கில் வாங்கியவர் எல்லைக்கோட்டருகே நின்றுகொண்டிருக்க, அவருடைய அணி அப்படி ஆடியதை மட்டும் என்னால் ஏற்றுக்கொள்ள இயலவில்லை.