வாங் ஷாவும் யே ஃபெங்கும்

சிங்கப்பூர்த் தொலைக்காட்சி 1963இல் தொடங்கியது. அந்தக் கறுப்பு வெள்ளைக் காலத்து நகைச்சுவை என்றால் எங்கள் அப்பாவுக்கு முதலில் நினைவுக்கு வருவது வாங் ஷா, யே ஃபெங் என்ற இந்தச் சீன நகைச்சுவை இரட்டையர்தான். வாங் ஷா ஒல்லி, யே ஃபெங் குண்டு. ஹாலிவுட்டின் ஒல்லி-குண்டு ஜோடியான லாரல், ஹார்டி என்று பத்திரிகைகள் ஒப்பிட்டது அதனால்தான். எனக்கு அந்த ஒப்பீடு அவ்வளவாகப் பிடிக்காது. லாரலுக்கும் ஹார்டிக்கும் தியோசியூ என்ற சீனக் கிளைமொழி தெரியாதே!

இவர்கள் கெத்தாய் என்ற சீனப் பாட்டுக் கச்சேரி மேடையில் வளர்ந்தவர்கள். நம் சிராங்கூன் ரோட்டை ஒட்டியிருந்த நியூ வோர்ல்டு போன்ற கேளிக்கைப் பூங்காக்கள்தான் அந்தக் கலைக்கு வீடு. அங்கே பாட்டுக்கு நடுவில் கூட்டத்தைச் சிரிக்க வைக்காவிட்டால் பிழைப்பு இல்லை. தியோசியூ, ஹொக்கியன், கான்டனீஸ், மாண்டரின் என்று ஒரே உரையாடலுக்குள் தாவுவார்கள். கடைத்தெருவில் மனிதர்கள் உண்மையில் அப்படித்தான் பேசினார்கள். சீனம் புரியாத அப்பா அவர்களுடைய முகத்தைப் பார்த்தே சிரித்திருக்கிறார்.

1970களில் ஹாங்காங்கின் ஷா பிரதர்ஸ் நிறுவனத்தின் படங்களிலும் நடித்தார்கள். 1979இல், சீனர்கள் கிளைமொழிகளை விட்டு மாண்டரின் பேச வேண்டும் என்று அரசாங்கம் மாண்டரின் பேசும் இயக்கத்தைத் தொடங்கியது. பிறகு கிளைமொழி நிகழ்ச்சிகள் தொலைக்காட்சியிலிருந்து படிப்படியாக விலக்கப்பட்டன. கொள்கைக்குக் காரணங்கள் இருந்திருக்கலாம். ஆனால் நாலு மொழியில் வாயாடியவர்களை ஒரே மொழிக்குள் அடைத்தால் பாதி நகைச்சுவை போய்விடும் என்பதே என் கட்சி.

வாங் ஷா 1998இல் காலமானார். பழைய துணுக்குகள் இணையத்தில் கிடைக்கின்றன; வசனம் புரியாவிட்டாலும் யே ஃபெங் முறைப்பதைப் பாருங்கள்.