மர்மம், நினைவு, வரலாறு: மாற்றி மாற்றிப் படித்துப் பார்த்தது

துப்பறியும் நாவல் ஒன்று, அடுத்து ஒருவர் தம் வாழ்க்கையைச் சொல்லும் நூல் ஒன்று, அதற்கடுத்து வரலாறு ஒன்று. பிறகு மறுபடியும் துப்பறியும் நாவல். சில காலமாக இந்தச் சுற்றில்தான் படித்து வருகிறேன். ஒரே வகையில் அடுத்தடுத்து இரண்டு கூடாது, எல்லாம் தமிழில் கிடைப்பவையாக இருக்க வேண்டும் என்பவை மட்டுமே விதிகள். பழைய பதிப்புகளுக்குத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம், மற்றவற்றுக்கு மாவட்ட மைய நூலகம். படித்து முடித்ததும் நோட்டில் அரைப் பக்கம் எழுதி வைக்கிறேன். அந்தக் குறிப்புகளிலிருந்து இதுவரை கண்டதைச் சொல்கிறேன்.

முதல் சுற்றை வடுவூர் துரைசாமி ஐயங்காரிடமிருந்து தொடங்கினேன். 1880இல் பிறந்து 1942இல் மறைந்த அவருடைய ‘மேனகா’ 1935இல் திரைப்படமானது. ‘கும்பகோணம் வக்கீல்’ 1950இல் ‘திகம்பர சாமியார்’ என்ற பெயரில் எம்.என்.நம்பியார் பல வேடங்களில் நடிக்கப் படமாக வந்தது. கதையின் முடிச்சு எங்கே அவிழும் என்பது இன்றைய வாசகருக்குச் சீக்கிரமே தெரிந்துவிடும். நாவல் நீளம்; வருணனை அதைவிட நீளம். ஆனாலும் விடாமல் படித்தேன். வக்கீலும் டிப்டி கலெக்டரும் அந்தக் காலத்து வீடுகளில் எவ்வளவு பெரிய மனிதர்கள், மாமியார் வீட்டில் ஒரு பெண்ணுக்கு என்னென்ன நேரக்கூடும் என்று ஊர் அஞ்சியது, இவையெல்லாம் வரிக்கு வரி கிடைக்கின்றன. நோட்டில் கதையைப் பற்றி நான்கு வரிதான் எழுதினேன். மற்றதெல்லாம் அந்த வீடுகளைப் பற்றி.

அடுத்து உ.வே.சாமிநாதையரின் ‘என் சரித்திரம்’. 1940 முதல் ஆனந்த விகடனில் தொடராக வந்தது; 1942இல் அவர் மறைந்ததால் பாதியில் நின்றது. தடிமனைப் பார்த்துப் பலர் ஒதுக்கிவிடுகிறார்கள். அவர்களிடம் நான் சொல்வது ஒன்றுதான்: குருகுல வாசப் பகுதியை நிதானமாகப் படியுங்கள், 1880க்கு வந்ததும் வேகம் தானாகவே கூடிவிடும். அந்த ஆண்டுதான் கும்பகோணம் கல்லூரியில் ஆசிரியராகச் சேர்கிறார். அதே ஆண்டில் அந்த ஊருக்கு முன்சீபாக வந்த சேலம் இராமசுவாமி முதலியார், அந்தாதியும் கலம்பகமும் கரைத்துக் குடித்த அந்த இளைஞரிடம் சீவக சிந்தாமணியைப் படித்திருக்கிறீர்களா என்று கேட்கிறார். அங்கிருந்து தொடங்கும் தேடலுக்கு ஈடான துப்பறியும் கதையை நான் படித்ததில்லை.

ஏடு கிடைக்கிறது, பொருள் விளங்கவில்லை. நூல் சைன சமயத்துக்கு உரியது என்று தெரிந்து, ஊரிலேயே இருந்த சைனர் வீட்டைத் தேடிப் போகிறார். அங்கே சிந்தாமணியைத் தொடர்ந்து படித்து, அன்றுதான் முடித்துக் கொண்டாடிக்கொண்டிருக்கிறார்கள்! அதன் பிறகு உரை. நச்சினார்க்கினியர் எங்கிருந்தோ வரிகளை மேற்கோள் காட்டுகிறார். எந்த நூல் என்று பெயர் சொல்வதில்லை. அந்த வரிகள் ஐயரின் மனத்தில் தங்கிவிடுகின்றன. பிற்பாடு திருவாவடுதுறை மடத்துச் சுவடிகளுக்கு நடுவே பத்துப்பாட்டு ஏடு கைக்கு வரும்போது, அதே வரிகள் அங்கே நிற்கின்றன. தடயம் முதலில், பொருள் பின்னால். 1887இல் சிந்தாமணி, 1889இல் பத்துப்பாட்டு, 1892இல் சிலப்பதிகாரம், 1894இல் புறநானூறு என்று பாடப்புத்தகத்தில் வரிசையாக மனப்பாடம் செய்த ஆண்டுகள் ஒவ்வொன்றுக்கும் பின்னால் இப்படி ஓர் அலைச்சல் இருக்கிறது.

எல்லா அலைச்சலும் வெற்றியில் முடியவில்லை. கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலில் இருந்த பழைய ஏடுகளைக் கண்ட இடத்தில் போடக்கூடாது என்று பக்தியோடு நெய்யில் தோய்த்து ஹோமத்தில் இட்டுவிட்டார்கள் என்று கேட்டு அவர் துடிக்கும் இடத்தில் நான் புத்தகத்தை மூடிவிட்டேன். அன்று மேலே படிக்க முடியவில்லை. அந்தத் தீயில் என்னென்ன போயிற்று என்பதற்கு எந்தத் துப்பறிவாளராலும் விடை காண முடியாது.

மூன்றாவது, சதாசிவப் பண்டாரத்தாரின் ‘பிற்காலச் சோழர் சரித்திரம்’ முதல் பகுதி. இதில்தான் இந்தப் படிப்பு முறையின் பயன் எனக்கு முழுதாகத் தெரிந்தது. சுந்தர சோழனின் மூத்த மகன் ஆதித்த கரிகாலன் கொல்லப்பட்டதைப் பொன்னியின் செல்வன் படித்தவர்கள் எல்லாரும் அறிவார்கள். நாவலை ஒதுக்கிவிட்டு ஆதாரத்தை மட்டும் பார்த்தால் கையில் இருப்பது மிகக் குறைவு. காட்டுமன்னார்கோயிலை அடுத்த உடையார்குடியில், அனந்தீசுவரர் கோயில் சுவரில் இராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்று இருக்கிறது. கரிகாலனைக் கொன்ற துரோகிகள் என்று சோமன், ரவிதாசன், பரமேசுவரன் ஆகியோரின் பெயர்களைச் சொல்லி, அவர்களும் உறவினரும் இழந்த நிலங்களைப் பற்றிப் பேசுகிறது. யார் தூண்டினார்கள், ஏன் செய்தார்கள் என்று ஒரு சொல்லும் இல்லை. ரவிதாசனுக்குப் பஞ்சவன் பிரமாதிராஜன் என்று பாண்டியச் சார்பான பட்டம். பரமேசுவரனுக்கு இருமுடிச்சோழ பிரமாதிராஜன் என்று சோழர் பட்டம். இரண்டு பக்கமும் கை காட்டும் தடயம்!

நீலகண்ட சாஸ்திரியார் தமது ‘சோழர்கள்’ நூலில், சுந்தர சோழனுக்குப் பின் பட்டத்துக்கு வந்த அவனுடைய பெரியப்பா மகன் உத்தம சோழன் மீது ஐயம் கொள்கிறார். பண்டாரத்தார் அதை மறுக்கிறார். இருவரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தேன். கொலை நடந்தது ஏறத்தாழ 969இல். இராஜராஜன் பட்டத்துக்கு வந்தது 985இல். நடுவே ஆட்சி செய்தவன் உத்தமன். அத்தனை ஆண்டுகள் குற்றவாளிகள் முழுத் தண்டனை பெறாமல் இருந்தார்களா, அல்லது தண்டனை முடிந்து நில விவகாரம் மட்டும் பிற்பாடு கல்லில் ஏறியதா? என் மனம் பண்டாரத்தார் பக்கமே சாய்கிறது. உத்தமனின் மகன் மதுராந்தகன் கண்டராதித்தன் இராஜராஜன் ஆட்சியில் கோயில்களை மேற்பார்வையிடும் அதிகாரியாக இருந்திருக்கிறார். தன் அண்ணனைக் கொல்லத் தூண்டியவன் என்று நம்பப்பட்ட ஒருவனின் மகனிடம் அந்தப் பொறுப்பை இராஜராஜன் கொடுத்திருப்பான் என்று நான் நினைக்கவில்லை. இந்த வாதத்தை உடைக்க முடியும் என்றும் தெரியும். அரசியலில் பகையைப் பதவி கொடுத்து அடக்குவதும் உண்டு.

அதற்குப் பிறகு வரலாற்று நூலை எடுத்தால் முதலில் அடிக்குறிப்புகளைத்தான் பார்க்கிறேன். எந்தச் செப்பேடு, எந்தக் கோயிலின் எந்தச் சுவர் என்று குறித்துக்கொண்டு நூலுக்குள் போனால், ஆசிரியர் எங்கே ஆதாரத்தில் நிற்கிறார், எங்கே ஊகத்துக்குத் தாவுகிறார் என்பது பளிச்சென்று தெரிகிறது.

இரண்டாம் சுற்றில் சுஜாதாவின் ‘நைலான் கயிறு’. ஒரே மூச்சில் முடிந்தது. அதைப் பற்றி அதிகம் சொன்னால் படிக்காதவர்களுக்குச் சுவை கெடும்.

அடுத்து எடுத்த ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு இன்னும் முடியவில்லை. முடிக்கும் அவசரமும் இல்லை. 1736இல் தொடங்கி 1761 வரை, புதுச்சேரியில் பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளெக்ஸின் துபாஷாக, அதாவது மொழிபெயர்ப்பாளராக இருந்தவர் தமக்காக எழுதிக்கொண்டது. வணிகக் கணக்கு, யார் யாருக்கு என்ன வெகுமதி கொடுத்தார்கள், கப்பல் வந்த சேதி, துய்ப்ளெக்ஸின் மனைவி மீது அவருக்கு இருந்த கசப்பு, எல்லாம் கலந்து கிடக்கின்றன. 1748இல் வேதபுரீசுவரர் கோயில் இடிக்கப்பட்டதை எழுதும் பக்கங்களில் ஊரின் கலக்கம் அப்படியே இருக்கிறது. பேச்சை ஒட்டிய நடை, பாரசீகமும் பிரெஞ்சும் விரவிய சொற்கள். தொடக்கத்தில் தடுமாறும். ஆட்களின் பெயர்ப் பட்டியல் ஒன்றைத் தனித்தாளில் எழுதிப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, இரவில் ஒரு நாளின் குறிப்பு மட்டும் படிப்பது எனக்குச் சரிப்பட்டு வந்தது. நினைவு வகையில் சேர்ப்பதா, வரலாற்றில் சேர்ப்பதா என்று தயங்கி, இரண்டு இடத்தையும் அதற்கே கொடுத்துவிட்டேன்.

அடுத்த சுற்றுக்கான நூல்களைத் தேர்ந்தாயிற்று. கொலை வழக்கு விசாரணையை வைத்துத் தேவன் எழுதிய ‘ஜஸ்டிஸ் ஜகந்நாதன்’, பின்னர் நீதிபதியாகவும் இருந்த பம்மல் சம்பந்த முதலியாரின் ‘நாடக மேடை நினைவுகள்’, வரலாற்றுக்கு ஆ.இரா.வேங்கடாசலபதியின் ‘நாவலும் வாசிப்பும்’. வடுவூராரின் நாவல்களை அந்தக் காலத்தில் யார், எப்படிப் படித்தார்கள் என்று தெரிந்துகொள்ள வேண்டும் என்பதால் கடைசி நூலை முதலில் எடுக்கலாமா என்று ஆசையாக இருக்கிறது. வரிசை மாறாமல் தேவனிடமிருந்தே தொடங்குகிறேன்.