கால்ட்ஹோப்பிகன்: உச்சி என்று ஏமாந்த கதை

நார்வேயின் யோத்துன்ஹெய்மென் தேசியப் பூங்காவில் இருக்கும் கால்ட்ஹோப்பிகன் 2,469 மீட்டர் உயரம், வட ஐரோப்பாவிலேயே மிக உயர்ந்த சிகரம். பக்கத்தில் இருக்கும் கிளிட்டர்டின்ட் ஒரு காலத்தில் இதோடு போட்டி போட்டது, தலையில் இருந்த பனித்தொப்பியையும் சேர்த்து அளந்ததால். அந்தப் பனி உருக உருகப் போட்டியும் முடிந்துபோனது.

ஏற இரண்டு வழிகள் பிரபலம். யூவாஸ்ஹித்தா மலைவிடுதி வரை, அதாவது சுமார் 1,840 மீட்டர் வரை, காரிலேயே போய்விடலாம். ஆனால் அப்புறம் ஸ்டிக்கெபிரேன் பனியாற்றைக் கடக்க வேண்டும், பனிக்கு அடியில் பிளவுகள் ஒளிந்திருப்பதால் வழிகாட்டியோடு எல்லோரும் ஒரே கயிற்றில் கோத்துக்கொண்டுதான் நடக்க வேண்டும். எனக்குக் கயிறு என்றாலே அலர்ஜி, அதனால் ஸ்பிட்டர்ஸ்டூலன் பள்ளத்தாக்கிலிருந்து ஏறினேன். பனியாறு இல்லை, சரி, ஆனால் கிட்டத்தட்ட 1,400 மீட்டர் ஏற்றம், பெரும்பாலும் பாறைக்குவியல், முட்டி கெஞ்ச ஆரம்பித்துவிடும்.

அதைவிடக் கொடுமை, மேலே ஒரு முகடு தெரிந்ததும் வந்துவிட்டோம் என்று சந்தோஷப்பட்டால் அது ஸ்வெல்னோசெ என்ற வேறொரு சிகரம். இறங்கி மறுபடி ஏறினால் கெயில்ஹௌஸ் டாப். மறுபடியும் இறக்கம். அங்கே நான் உட்கார்ந்தே விட்டேன்.

1850இல் மூன்று பேர் முதன்முதலில் இதில் ஏறியதாகப் பதிவு இருக்கிறது. அவர்களுக்கு உச்சியில் குடிசை இல்லை. எனக்கு இருந்தது, உள்ளே சூடான காபியும்!