பின்திரை வரைந்த பத்து நாள்

மார்ச் 2
படமெடுக்கும்போது ஆளுக்குப் பின்னால் தொங்கவிடும் திரைக்காக 10 அடிக்கு 12 அடி காடாத் துணி. சட்டத்தில் இழுத்து ஆணியடித்து, வச்சிரப் பசையை நீர்க்கக் காய்ச்சிப் பூசினேன். காய்ந்ததும் மத்தளத் தோல்போல விறைத்துக்கொண்டது. பசை நாற்றம் மட்டும் இன்னும் கையை விட்டுப் போகவில்லை.

மார்ச் 5
தூண், கைப்பிடிச் சுவர், படிகள், பின்னால் மரங்கள். பழைய ஸ்டூடியோக்களின் அதே மாளிகைதான். வண்ணம் சேர்க்கவில்லை, கறுப்பு, வெள்ளை, கொஞ்சம் பழுப்பு. 1841-இல் லண்டனில் அந்தோன் க்ளோடே என்ற புகைப்படக்காரர் தன் காப்புரிமையில் தீட்டிய பின்திரையைச் சேர்த்த காலத்தில், படம் பதியும் தகடுகளுக்கு நீலம்தான் நன்றாகத் தெரியும். சிவப்பு கறுத்துப்போகும். சாம்பலிலேயே வரைந்துவிட்டால் அந்தத் தொல்லை இல்லை. எனக்கு அந்தக் கட்டாயம் கிடையாது, ஆசைதான். சாயத்தில் சீமைச்சுண்ணாம்புப் பொடி கலந்தேன். பளபளத்தால் விளக்கு அப்படியே திருப்பி அடிக்கும்.

மார்ச் 8
இலை இலையாக வரைந்து முடித்தேன். நேரில் பார்க்க அற்புதம். அக்கா மகனை முன்னால் உட்காரவைத்துப் படமெடுத்தால், சகிக்கவில்லை!

நின்றுகொண்டு வரைந்ததால் அடிவானம் என் கண் உயரத்துக்கு, 5 அடியில் இருக்கிறது. கேமராவோ மூன்றரை அடியில். தரை சரிந்து, பையன் வழுக்கி விழப்போகிறவன்போலத் தெரிகிறான். தூணில் வெளிச்சம் இடப்பக்கம், அவன் முகத்தில் வலப்பக்கம். காதிலிருந்து ஒரு கிளை வேறு முளைத்திருக்கிறது. “மாமா, திரை நல்லா இருக்கு, நான்தான் சரியில்லை” என்றான். ஆறுதல் சொல்கிறானாம்.

மார்ச் 9
விளக்கை இடப்பக்கம் மாற்றினேன். அது சுலபம். அடிவானத்தை இறக்க முடியாதே! நீர்த்த சாம்பலை ஸ்பாஞ்சால் ஒற்றி, மரங்களையும் படிகளையும் பனிமூட்டத்துக்குள் அனுப்பினேன். நாற்காலியைத் திரையிலிருந்து 6 அடி முன்னால் இழுத்துப் போட்டதும் பையனின் நிழலும் திரையில் விழவில்லை. மிச்சமிருந்த கோடுகளை லென்ஸே கரைத்துவிட்டது. முகம் இப்போதுதான் முன்னால் வந்தது.

மார்ச் 11
அமெரிக்கப் புகைப்படக் கலைஞர் இர்விங் பென் 1950-இல் பாரிஸில் கிடைத்த பழைய நாடகத் திரையைப் பின்திரையாக்கி, கடைசிவரை கூடவே வைத்திருந்தார். அதில் இருப்பது வெறும் சாம்பல் திட்டுகள். முன்பு அதைப் படங்களில் பார்த்தபோது சோம்பேறித்தனம் என்று நினைத்தேன்.

மடித்தால் சாயம் உதிர்ந்து கோடு விழும் என்பதால் குழாயில் சுற்றி வைத்தேன். வலது ஓரத்துத் தூணை மட்டும் அழிக்க மனம் வரவில்லை. படத்துக்குள் வராது, இருக்கட்டும்.